வேலைக்கு அழைத்த தப்பு

மாத்தளை உட்பட இலங்கை மலையகத் தோட்டங்களில் ஒரு காலத்தில் விடியுமுன் தப்பு என்ற பறையின் சத்தம் கேட்கும். கேட்டதும் தொழிலாளர்கள் லயம் என்ற வரிசை வீடுகளிலிருந்து எழுந்து, வேலைக்கு ஆள் பிரிக்கும் பெரட்டுக்கு ஓட வேண்டும். தோட்டத் துரையின் உத்தரவைச் சுமந்த அந்தத் தப்புதான் பின்னாளில் உரிமை கேட்டுத் திரண்ட கூட்டங்களிலும் முழங்கியது.

அடிக்குமுன் தப்பைத் தீயில் காட்டுவார்கள். தோல், கொலாஜன் என்ற புரத இழைகளால் ஆனது. மலைக்காற்றின் ஈரத்தை உறிஞ்சினால் அது தளர்ந்துவிடும். சூட்டில் ஈரம் வற்ற, இழைகள் சுருங்கித் தோல் விறைக்கும். இழுவிசை 4 மடங்கானால் அதிர்வெண் 2 மடங்காகும். மந்தமாகக் கிடந்த தப்பு கணீரென்று பேசுவது இப்படித்தான்.

அந்த அடி காதோடு நிற்பதில்லை. சும்மா உட்கார்ந்து தாளத்தைக் கேட்டாலும், கைகாலை இயக்கும் மூளைப்பகுதிகள் விழித்துக்கொள்கின்றன. 2009இல் அமெரிக்காவின் ஸ்டான்போர்ட் ஆய்வாளர்கள் மாணவர் குழுக்களை நடக்கவிட்டார்கள். அடியொத்து நடந்தவர்கள், அடுத்து நடந்த குழுப் பயிற்சியில் மற்றவர்களைவிடக் கூடுதலாக ஒத்துழைத்தார்கள். ஒக்ஸ்போர்ட் படகோட்டிகளோ, தனியே துடுப்புப் போட்டபின் தாங்கியதைவிடச் சேர்ந்து போட்டபின் அதிக வலியைத் தாங்கினார்கள். உழைப்பு இரண்டிலும் ஒன்றுதான்.

ஆனால் தாளத்துக்குக் கட்சி கிடையாது. அது மக்களைச் சேர்க்கும்; எதற்காக என்று சொல்லாது. அதைச் சொல்லப் பாட்டு வேண்டும். தொழிற்சங்க முன்னோடி கோ. நடேசய்யரின் துணைவியார் மீனாட்சியம்மாள் செய்தது அந்த வேலை. எழுத்தறிவு மறுக்கப்பட்ட தொழிலாளர்முன் மேடையேறிப் பாடினார். 1940இல் தம் பாடல்களை நூலாகவும் வெளியிட்டார். துண்டுப்பிரசுரம் நுழைய முடியாத லயத்துக்குள் பாட்டு நுழைந்தது. என் கணிப்பில், மலையக அரசியலின் முதல் வரிசையில் வைக்க வேண்டிய பெயர் அவருடையது.

உரிமை கேட்கும் அந்தக் குரல் ஓயவில்லை. 2023 ஜூலை 28இல் தலைமன்னாரில் தொடங்கிய மலையக மக்களின் நடைபயணம் ஓகஸ்ட் 12இல் மாத்தளையில் முடிந்தது. 200 ஆண்டுகளுக்குமுன் தோட்ட வேலைக்கு வந்த மூதாதையர் நடந்து, பலர் மாண்ட வழி அது. காணி, வீடு, நியாயமான கூலி, சமமான குடியுரிமை ஆகியவை நடந்தவர்களின் கோரிக்கைகள்.

மக்களைத் திரட்டிய அந்தத் தப்பு, சாதியின் பேரால் ஒதுக்கப்பட்டவர்கள் கையில்தான் நெடுங்காலம் இருந்தது. அதன் அடிவகைகளை அறிந்த முதியவர்கள் இன்னும் தோட்டங்களில் இருக்கிறார்கள். மாத்தளைப் பாடசாலைகள் அவர்களை ஆசிரியர்களாக அழைக்க வேண்டும். ஒவ்வோர் அடியையும் ஒலிப்பதிவு செய்ய வேண்டும்.