படம் முடிந்த பிறகு கம்ப்யூட்டருக்கு என்ன வேலை?

படம் பார்ப்பது பாதிதான். மீதிப் பாதி, அதைப் பற்றிப் பேசுவது. மதுரைக்காரர்களுக்கு இதைச் சொல்லித்தர வேண்டியதில்லை. 1952 தீபாவளிக்கு 'பராசக்தி' படத்துடன் தொடங்கிய தங்கம் தியேட்டரில் ஒரே காட்சியை 2,000 பேருக்கு மேல் சேர்ந்து பார்க்க முடிந்தது. இன்று அந்தத் தியேட்டர் இல்லை. வீட்டில் நான்கு பேர் இருந்தால் நான்கு செல்போனில் நான்கு படம் ஓடுகிறது. யாரிடம் பேசுவது?

ரசிகர்களின் பேச்சு வெறும் பொழுதுபோக்கு அல்ல. அமெரிக்க மானுடவியல் ஆய்வாளர் சாரா டிக்கி, 1980-களில் மதுரையில் தங்கி, ஏழை ரசிகர்கள் சினிமாவை எப்படிப் புரிந்துகொள்கிறார்கள் என்று ஆராய்ந்தார். அந்த ஆய்வு 1993-ல் ஆங்கில நூலாக வெளிவந்தது. கஷ்டத்தை மறக்கத்தான் படம் பார்க்கிறோம் என்பார்கள். ஆனால் அந்தப் படங்களிலும் வறுமை, குடும்பம், ஏற்றத்தாழ்வு என்று அவர்களுடைய கவலைகளே இருந்தன.

ஆவணப்படங்களுக்கோ பேச்சுதான் உயிர். தியேட்டருக்கு வராத இப்படங்களைத் திரையிட்டு விவாதிக்க, இயக்குநர் அமுதன் ஆர்.பி. 1998-ல் மதுரையில் ஆவணப்பட, குறும்பட விழாவைத் தொடங்கினார். மதுரைத் தெரு ஒன்றில் மலம் அள்ளும் பெண் தொழிலாளியைப் பற்றி அவர் 2003-ல் எடுத்த 'பீ' படத்தைப் பார்த்துவிட்டுப் பேசாமல் எழுந்து போவது கடினம்.

இத்தகைய திரையிடலுக்கு இப்போது பிலிம் சுருள் தேவையில்லை. கம்ப்யூட்டரும் புரொஜக்டரும் போதும். வீட்டில் டிவியுடன் எச்.டி.எம்.ஐ. கேபிளை இணைத்தாலே போதும். விண்டோஸில் இலவச விஎல்சி பிளேயரை நிறுவிக்கொண்டு, விவாதத்தின்போது இந்தக் கீகளைப் பயன்படுத்துங்கள்:

1. ஷிப்ட் + இடது அம்புக்குறி: சில விநாடிகள் பின்னால் செல்லும். வசனத்தை மீண்டும் கேட்கலாம்.

2. 'இ' கீ: ஒவ்வொரு பிரேமாக நகரும். கேமரா யாரைக் காட்டுகிறது, யாரை விடுகிறது என்று கவனிக்கலாம்.

3. கண்ட்ரோல் + டி: குறிப்பிட்ட நேரத்திற்குச் செல்லலாம். படம் ஓடும்போதே முக்கியக் காட்சிகளின் நேரத்தைத் தாளில் குறித்து வையுங்கள்.

4. ஷிப்ட் + எஸ்: காட்சியைப் படமாகச் சேமிக்கலாம்.

'அப்படிச் சொல்லவே இல்லை' என்று ஒருவர் வாதாடினால், குரலை உயர்த்த வேண்டாம். அந்தக் காட்சியை மீண்டும் ஓட்டிக் காட்டுங்கள். அதன் பிறகும் கருத்து வேறுபட்டால் நல்லதுதான். ஒரே காட்சி அம்மாவுக்கு ஒன்றையும் மகனுக்கு வேறொன்றையும் சொல்லும். அது ஏன் என்று கேளுங்கள். உண்மையான விவாதம் அங்கேதான் தொடங்குகிறது.