சம்பளமில்லாத உழைப்பு

சினிமா என்றதும் நமக்குக் கதாநாயகனும் சண்டையும் பாட்டுந்தான் ஞாபகத்துக்கு வரும். அடுப்படியில் நாளெல்லாம் நிற்கும் குடும்பத் தலைவியைப் படமெடுத்தால் யார் பார்ப்பார்கள் என்று கேட்பீர்கள். அப்படியும் ஒருவர் எடுத்தார், வாசகர்களே!

அவர் பெயர் ராஜேந்திர கௌர். இந்தியாவிலிருந்து சிங்கப்பூருக்கு வந்து, தொலைக்காட்சி நிலையத்தில் பணி செய்தவர். வேலை நேரம் போக, தம் மனத்துக்குப் பிடித்த சிறு படங்களை எடுத்துவந்தார். 1972இல் எடுத்த 'சன்ஷைன் சிங்கப்பூர்' படத்தில் கதை கிடையாது, நகரமே கதை. 1978இல் வந்தது 'லேபர் ஆஃப் லவ்'. இல்லத்தரசியின் சம்பளமில்லாத உழைப்பே அதன் கரு.

படச்சுருள் ஊறுகாய் மாதிரி அல்ல, வைத்தால் கெடாமலிருக்க! வெக்கையும் ஈரமும் பட்டால் காடி வாடை அடித்துச் சுருங்கிவிடும். நல்ல வேளையாக, 2005இல் தொடங்கிய ஆசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் அவர் படங்களைப் பாதுகாத்து வருகிறது.

உங்கள் வீட்டு டிரங்குப் பெட்டியிலும் பழைய கல்யாண வீடியோ நாடா ஒன்று கிடக்கலாம். பூசணம் பிடிக்குமுன் எடுத்து, பிரதி செய்து வையுங்கள். பந்தி பரிமாறியபடி, படம் பிடிப்பதையே கவனிக்காத உங்கள் அம்மா அதில் இருப்பார்.