நாட்டுப்பற்றும் நம்மீதுள்ள அமானிதமும்



ஆகஸ்டு 15 அன்று கொடியேற்றத்தில் நெஞ்சு நிமிர்ந்து நிற்கின்றோம். இனிப்பைப் பெற்றுக் கொண்டு இல்லம் திரும்புகின்றோம். அதே நாளில் எங்கள் ரிஷிவந்தியம் வட்டாரத்து ஊராட்சிகளில் கிராம சபையும் கூடுகின்றது. அங்கே சென்று அமர்ந்து, வரவு செலவை வினவுவோர் நம்முள் எத்தனை பேர்? நாட்டுப்பற்று யாது என்பதை இவ்வினாவிலிருந்தே சிந்திப்போம்.

தம் கூட்டத்தாரை நேசிப்பது இனவெறியாகுமா என்று ஒருவர் நபிகள் நாயகம் (ஸல்) அவர்களிடம் வினவினார். ஆகாது, அநீதியில் அவர்களுக்குத் துணை போவதே இனவெறி என்று அண்ணலார் விளக்கினார்கள். இப்னு மாஜாவில் இச்செய்தி இடம் பெற்றுள்ளது. ஆகவே பிறந்த மண்ணை நேசிப்பது குற்றமன்று. நம்மவர் என்பதற்காகத் தவற்றுக்குத் துணை நிற்பதே குற்றம். அத்தவற்றைத் தடுக்கத் தனி மனிதரின் நல்லெண்ணம் மட்டும் போதாது. சட்டம் வேண்டும், சபை வேண்டும், தட்டிக் கேட்கும் உரிமையும் வேண்டும். கலீஃபாவாகப் பொறுப்பேற்ற ஹஸ்ரத் அபூபக்ர் (ரலி) அவர்கள், தாம் தவறினால் தம்மைத் திருத்துமாறு முதலுரையிலேயே மக்களைக் கேட்டுக் கொள்ளவில்லையா?

இதற்கு நம் தமிழகத்திலேயே ஒரு சான்று உண்டு. நெல்லைப் பேட்டையில் 1896இல் பிறந்த காயிதே மில்லத் முஹம்மது இஸ்மாயீல் சாகிப், அரசியல் நிர்ணய சபையின் உறுப்பினராக இருந்தார். எச்சமூகத்தாரும் தம் தனிச்சட்டத்தைக் கைவிட வற்புறுத்தப்படலாகாது என்று 1948 நவம்பர் 23 அன்று திருத்தம் கொணர்ந்தார். அது ஏற்கப்படவில்லை. தனித் தொகுதி முறை நீடிக்க வேண்டுமென 1949 மே மாதம் வாதாடினார். அதுவும் தோற்றது.

இரு முறை தோற்றவர் என்ன செய்தார்? சபையைப் பழித்துவிட்டு வீட்டில் முடங்கினாரில்லை. அந்த அரசியலமைப்பின்படி நடந்த தேர்தல்களில் நின்றார். 1962, 1967, 1971 ஆகிய மூன்று தேர்தல்களிலும் கேரளத்து மஞ்சேரி மக்கள் இத்தமிழரை மக்களவைக்கு அனுப்பினர். 1972 ஏப்ரல் 5 அன்று மறையும் வரை அவர் தம் கோரிக்கையையும் விடவில்லை, சபையையும் விடவில்லை. கோரிக்கை தோற்றாலும், அதை மீண்டும் எடுத்துரைக்க ஓர் இடம் இருக்கின்றதே, அவ்விடத்தைக் காப்பதுதான் நாட்டுப்பற்று.

அத்தகைய இடம் டெல்லியில் மட்டுமன்று, நம் தெருவிலும் உண்டு. 1993இல் நடைமுறைக்கு வந்த 73ஆவது திருத்தம் கிராம சபைக்கு அரசியலமைப்பிலேயே இடமளித்தது. ஊரின் வாக்காளர் அனைவரும், ஆணாயினும் பெண்ணாயினும், அதன் உறுப்பினரே. குடிநீர், தெருவிளக்கு, சாலை பற்றிக் கேட்பது பிறர் உரிமை என்று நாம் ஒதுங்கியிருப்பது தகுமா?

இன்னொன்றும் சொல்ல வேண்டும். ஊராட்சியிடம் கணக்குக் கேட்கச் செல்லும் நாம், நம் பள்ளிவாசல் ஜமாஅத்தின் கணக்கையும் எவரும் கேட்கும் வண்ணம் விரித்து வைத்திருக்கின்றோமா? உற்றாருக்கும் நமக்குமே பாதகமாயினும் நீதியில் நிலைத்திருக்குமாறு அருள்மறை (4:135) பணிக்கின்றது. நம்மிடம் இல்லாத நேர்மையை நாட்டிடம் கேட்பது எங்ஙனம்?

சபைகள் யாவும் நம் கையில் ஒப்படைக்கப்பட்ட அமானிதம். அடுத்த கிராம சபையில் ஓர் இருக்கை உங்களுக்காகக் காத்திருக்கட்டும். அது வெறுமையாய் இருந்து விட வேண்டாம். நீதியின்பால் நிற்போராக நம்மை அல்லாஹ் ஆக்கியருள்வானாக! ஆமீன்.