பெரிய வீட்டில் சொல்லாத பெயர்கள்

2019ஆம் ஆண்டு ஒக்ரோபர் மாதம் அமெரிக்காவில் எனது பெறாமகளின் வீட்டில் தங்கியிருந்தேன். அவள் இருப்பது ரெக்சஸ் மாநிலத்தின் ஹியூஸ்ரன் நகரில். "பெரியம்மா, பக்கத்து மாநிலத்திலே பழைய தோட்டத்து வீடுகள் இருக்கு. ஆற்றங்கரை நெடுக இருக்காம். போய்ப் பாப்பமா?" என்று ஒருநாள் கேட்டாள். கடைத்தெருவைச் சுற்றிச் சுற்றி எனக்கும் அலுத்துப் போயிருந்தது. சரி என்றேன். காரில் ஐந்து மணித்தியாலத்துக்கு மேல் ஓட வேண்டும். அவளுடைய பன்னிரண்டு வயது மகளும் எங்களோடு வந்தாள்.

லூசியானா மாநிலத்தில் நியூ ஓர்லியன்ஸ் நகருக்கும் பற்றன் றூஜ் நகருக்கும் இடையே மிசிசிப்பி ஆற்றின் இரு கரைகளிலும் கரும்புத் தோட்டங்கள். 1861இல் அமெரிக்க உள்நாட்டுப் போர் தொடங்கும் வரை இத்தோட்டங்களில் வேலை செய்தவர்கள் ஆபிரிக்காவிலிருந்து பிடித்து வரப்பட்டவர்களும் அவர்களுடைய பிள்ளைகளும். தோட்டக்காரர்கள் ஆற்றைப் பார்த்தபடி மாளிகைகளைக் கட்டினார்கள். அவற்றிற் சில இப்போது காட்சிச் சாலைகள். ரிக்கற் வாங்கினால் ஒருவர் கூட வந்து விளக்கம் சொல்வார்.

முதலில் நாங்கள் போன வீட்டின் பெயரை எழுதவில்லை. வெள்ளைத் தூண்கள், சுழன்று ஏறும் படிக்கட்டு, கூரையிலிருந்து தொங்கும் கண்ணாடி விளக்குகள். விளக்கம் சொன்ன அம்மா அந்தக் காலத்துப் பெண்கள் அணிந்த குடை போல் விரிந்த பாவாடையில் வந்தார். மேசை எந்த மரம், சுவர்க் கடதாசி எந்த நாட்டிலிருந்து வந்தது, வடக்குப் படைகள் வந்தபோது வெள்ளித் தட்டுகளை எங்கே புதைத்தார்கள் என்றெல்லாம் அழகாகச் சொன்னார். வீடு "கட்டப்பட்டது", சாப்பாடு "பரிமாறப்பட்டது". கட்டியது யார், பரிமாறியது யார் என்று கேட்க இடமில்லாத பேச்சு. இரண்டு தடவை மட்டும் "வேலையாட்கள்" என்ற சொல் வந்தது.

சமையல் செய்தவர்கள் இரவில் எங்கே படுத்தார்கள் என்று கேட்கும்படி பெறாமகளிடம் சொன்னேன். அவள் கூச்சத்தோடு கேட்டாள். அந்தக் குடிசைகள் இப்போது இல்லை என்று சொல்லிவிட்டு அந்த அம்மா அடுத்த அறைக்கு நடந்தார். வெளியே புல்தரையில் வெள்ளைக் கதிரைகளை வரிசையாக அடுக்கிக் கொண்டிருந்தார்கள். அன்று பின்னேரம் அங்கே ஒரு கலியாணமாம்.

இப்படியான இடங்களில் கலியாணம் செய்வது அங்கு நீண்ட காலமாக இருந்த வழக்கம். நாங்கள் போய் வந்து இரண்டு மாதத்தில், 2019 டிசெம்பரில், கலியாண ஏற்பாடுகளுக்குப் பெயர்போன சில இணையத்தளங்கள் தோட்டத்து மாளிகைக் கலியாணங்களை இனி விளம்பரப்படுத்துவதில்லை என்று அறிவித்தன. 2025 மே மாதத்தில் அதே ஆற்றங்கரையில் நொட்டோவே என்ற மிகப் பெரிய மாளிகை தீப்பிடித்து அழிந்தது. 1859இல் கட்டி முடித்த வீடு. பின்னாளில் ஹோட்டலாகவும் கலியாண மண்டபமாகவும் இருந்தது. அங்கே மாலை மாற்றியவர்கள் அழுதார்கள். கறுப்பின மக்களில் பலர் வெளிப்படையாக மகிழ்ந்தார்கள். எரிந்ததைக் கொண்டாடுவது எனக்குப் பிடிக்கவில்லை. ஆனால் அவர்களுடைய மனதைப் புரிந்துகொள்ள எனக்குக் கஷ்டமாகவும் இருக்கவில்லை.

அடுத்த நாள் ஓக் அலி என்ற இடத்தையும் பார்த்தோம். வாசலில் இருபத்தெட்டு ஓக் மரங்கள் இரு வரிசையில் நிற்கின்றன. படம் எடுக்கத்தான் கூட்டம் வருகிறது. அங்கே நான் மனதில் எடுத்து வந்தது அந்துவான் என்ற தோட்டக்காரரின் கதையை. அவர் அடிமை. பீக்கன் என்ற பருப்பு மரத்தை முதன்முதலில் ஒட்டுக் கட்டி வெற்றி கண்டவர் அவர்தான், 1846ஆம் ஆண்டளவில். அந்த இனத்துக்கு 1876இல் பிலடெல்பியா கண்காட்சியில் பரிசு கிடைத்தது. அந்துவானுக்குக் குடும்பப் பெயர் கூட ஏட்டில் இல்லை.

அன்று மத்தியானம் விற்னி தோட்டத்துக்குப் போனோம். ஆம்புறூவாஸ் ஐடெல் என்ற ஜேர்மன் குடியேற்றவாசி 1752இல் தொடங்கிய தோட்டம் இது. முதலில் அவுரி, பிறகு கரும்பு. ஜோன் கமிங்ஸ் என்ற வெள்ளையினச் சட்டத்தரணி இதை வாங்கித் தன் சொந்தப் பணத்தைச் செலவழித்து, 2014 டிசெம்பரில் பொதுமக்களுக்குத் திறந்தார். செனெகல் நாட்டு வரலாற்றாசிரியர் இப்ராகிமா செக் அவருக்குத் துணை நின்றார். இங்கே கதை எசமானின் வரவேற்பறையிலிருந்து தொடங்குவதில்லை.

வாசலில் ஆளுக்கொரு அட்டையைக் கழுத்தில் மாட்ட வைத்தார்கள். சிறுவயதில் அடிமையாக இருந்து, 1930களில் முதுமையில் அரசாங்க எழுத்தாளர்களிடம் தம் கதையைச் சொன்ன ஒருவரின் பெயரும் வாக்குமூலத்தில் ஒரு துண்டும் அதில் இருந்தன. பிறகு ஒரு பழைய மரத் தேவாலயத்துக்குள் போனோம். விடுதலை பெற்ற மக்கள் தமக்கென்று கட்டிய தேவாலயம் அது. வேறு இடத்திலிருந்து பெயர்த்துக் கொண்டு வந்து வைத்திருக்கிறார்கள். உள்ளே வாங்கில்களிலும் நிலத்திலும் களிமண்ணாற் செய்த பிள்ளைகள், உண்மைப் பிள்ளைகளின் அளவில். பெறாமகளின் மகள் அதுவரை கைத்தொலைபேசியில் விளையாடிக்கொண்டு வந்தவள். அதை அணைத்துப் பைக்குள் வைத்தாள்.

எங்களை அழைத்துச் சென்றவர் ஓர் இளம் கறுப்பினப் பெண். சீனி காய்ச்சிய இரும்புக் கொப்பரைகளைக் காட்டினார். பெரியதிலிருந்து சிறியது வரை வரிசையாக வைத்து, கீழே நெருப்பெரித்து, கொதிக்கும் சாற்றை அகப்பையால் ஒன்றிலிருந்து மற்றதுக்கு அள்ளி ஊற்றுவார்களாம். பனங்கட்டி காய்ச்சிய தாச்சிக்குப் பக்கத்தில் நின்ற எவருக்கும் அந்தச் சூடு தெரியும். லூசியானாவில் உறைபனி விழுவதற்குள் கரும்பை வெட்டி முடிக்க வேண்டும். அதனால் அறுவடைக் காலத்தில் ஆலை இரவும் பகலும் ஓடும். நித்திரைத் தூக்கத்தில் கை தவறினால் சாறு உடம்பில் ஊற்றிவிடும், அல்லது கரும்போடு கையும் ஆலைக்குள் போய்விடும். கரும்புத் தோட்டப் பகுதிகளில் அடிமைகளிடையே பிறப்பை விட இறப்பே அதிகமாக இருந்தது.

குடிசைகளையும் பார்த்தோம். இரண்டு அறை, நடுவே ஒரு புகைபோக்கி, அறைக்கு ஒரு குடும்பம். மலையகத்தில் துரை பங்களாவையும் லயங்களையும் கண்டவர்களுக்கு இந்த அமைப்பு புதிதாக இராது. ஆனாலும் இரண்டும் ஒன்றல்ல. இங்கே மனிதரே சொத்து. தாய் அடிமையென்றால், தகப்பன் யாராக இருந்தாலும், பிள்ளையும் அடிமை.

அந்தச் சட்டம் என்ன செய்தது என்பதை அன்னா என்ற பெண்ணின் கதையிற் கேட்டோம். பிள்ளை இல்லாத வீட்டுக்காரிக்காகச் சிறுமியாக வாங்கி வரப்பட்டவள் அவள். வீட்டுக்காரரின் உறவினனான அந்துவான் ஐடெலுக்கு விக்ரர் என்ற மகனைப் பெற்றாள். அவளுடைய சம்மதத்தை யாரும் கேட்டிருக்க மாட்டார்கள். விக்ரரின் வழியில் வந்த சிபில் என்ற பெண்ணை மணந்தவர்தான் ஏர்னெஸ்ற் மோரியல், 1978இல் பதவியேற்ற நியூ ஓர்லியன்ஸின் முதலாவது கறுப்பின மேயர். கணவன் இறந்த பிறகு 1860 வரை தோட்டத்தை நடத்தியவளும் ஒரு பெண்தான், மாரி அசெலி ஐடெல். பெண் கையில் சாவி இருந்ததால் அன்னாவுக்கு எதுவும் இலேசாகிவிடவில்லை. இதையும் நாங்கள் மறைக்காமல் பேச வேண்டும் என்று எனக்குத் தோன்றியது.

என்னை நகர விடாமற் செய்தவை கருங்கற் சுவர்கள். வரலாற்றாசிரியை குவென்டொலின் மிட்லோ ஹோல், நீதிமன்றங்களிலும் பழைய ஆவணக் காப்பகங்களிலும் பல வருடங்கள் தேடி, லூசியானாவில் 1820 வரை அடிமைகளாக இருந்தவர்களின் விபரங்களைத் திரட்டினார். 2022இல் காலமானார். அவர் திரட்டிய 107,000 பெயர்கள் அங்கே கல்லில் இருக்கின்றன. விற்பனைப் பத்திரம், மரணசாசனம், கடன் ஈடு இவற்றில்தான் அந்தப் பெயர்கள் தப்பியிருந்தன. விலை போட எழுதிய பெயர்களை ஒருவர் தேடியெடுத்து மனிதரின் பெயர்களாக்கியிருக்கிறார்.

இன்னொரு சுற்றுமதிலுக்குள் 2,200 குழந்தைகளின் நினைவிடம். 1820களிலிருந்து 1860கள் வரை அந்த ஒரு மாவட்டத்தில் மூன்று வயது நிறையுமுன் இறந்த அடிமைக் குழந்தைகள். கத்தோலிக்கத் தேவாலயப் பதிவேட்டிலிருந்து எடுத்தவை. நடுவே ஒரு கறுப்பு வானதூதர் குழந்தையொன்றை ஏந்தி நிற்கிறார். எங்களோடு வந்த ஒரு வயதான அம்மா ஒவ்வொரு வரியாக விரலால் தடவிக்கொண்டே போனார். யாரையாவது தேடுகிறாரா என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை.

பெரிய வீட்டைக் கடைசியாகத்தான் காட்டினார்கள். அதற்குள் எங்கள் ஒருவருக்கும் மேசை நாற்காலிகளில் மனம் செல்லவில்லை.

அன்றிரவு தங்குமிடத்தில், பிரிந்த குடும்பங்கள் பிறகு சேர்ந்தனவா என்று பெறாமகளிடம் கேட்டேன். அவள் கணினியில் தேடிப் பழைய பத்திரிகை ஒன்றைக் காட்டினாள். நியூ ஓர்லியன்ஸில் வெளிவந்த மெதடிஸ்த திருச்சபைப் பத்திரிகை. 1879 நவம்பரிலிருந்து அதில் 'தொலைந்த உறவுகள்' என்ற பொருளில் ஒரு பகுதி இருந்தது. சந்தாதாரருக்கு இலவசம், மற்றவருக்கு ஐம்பது சதம். போதகர்கள் அதை ஆராதனையில் உரத்து வாசிக்கும்படி பத்திரிகை கேட்டுக்கொண்டது. எழுத வாசிக்கத் தெரியாதவர்கள்தானே அதிகம். தாயின் பெயர், சகோதரங்களின் பெயர், முதல் எசமான் யார், யாருக்கு விற்றான், கடைசியாகக் கண்டது எப்போது என்று எழுதியிருந்தார்கள். இப்போது நியூ ஓர்லியன்ஸ் வரலாற்று நிலையமொன்று அவற்றில் 2,500க்கு மேற்பட்டதைச் சேர்த்து எவரும் வாசிக்கக்கூடியதாக வைத்திருக்கிறது.

காணாமற் போன பிள்ளைக்காகப் பத்திரிகைக்குப் படமும் விபரமும் கொடுத்துவிட்டு, மறுநாள் காலை அந்தப் பக்கத்தைத் தேடிப் பிரித்த அம்மாமார் எங்களிடையே எத்தனை பேர். எனக்கு அந்தக் கடிதங்களுக்கு மொழிபெயர்ப்புத் தேவைப்படவில்லை. பெறாமகள் ஒவ்வொன்றாக வாசிக்க, நித்திரை மறந்து கேட்டுக்கொண்டிருந்தேன். கண்டுபிடித்துவிட்டோம் என்று எழுதியவர்கள் மிகச் சிலர். அடிமைமுறை சட்டப்படி ஒழிந்தது 1865இல். அங்கே சேர்த்து வைத்திருக்கும் கடிதங்களில் கடைசியானவை 1900இல் அச்சானவை.