முழங்கையால் அழித்த கணக்கு

ஒரகடம், இருங்காட்டுக்கோட்டைப் பக்கம் கார் ஆலைகள் எல்லாம் புதுசு. ஹூண்டாய் கார் வெளிவரத் தொடங்கியதே 1998-ல்தான். நிசான் வந்தது 2010-ல். அந்த வட்டாரத்தில் பழசு என்றால் ஸ்ரீபெரும்புதூர் பெருமாள் கோயில், அங்கே 1017-ல் அவதரித்ததாகச் சொல்லப்படும் ராமாநுஜர். அவர் பெயரைத் தாங்கிய ஒரு பையன், கணித மேதை ராமானுஜன், வளர்ந்த வீட்டைப் பார்க்க கும்பகோணம் போக வேண்டும்.

சாரங்கபாணி சன்னதித் தெரு. முனையில் பதினோரு நிலைக் கோபுரம். இரண்டு பக்கமும் மாடிகள், கடைப் பலகைகள், கேபிள் வயர்கள். நடுவே ஓட்டுத் தாழ்வாரத்தோடு ஒரு சின்ன வீடு. நான் ஒருமுறை தாண்டிப் போய்த் திரும்பி வந்தேன். 2003-ல் சாஸ்திரா பல்கலைக்கழகம் இதை வாங்கியது. அந்த டிசம்பரில் அப்துல் கலாம் திறந்துவைத்தார். மகாமகத்துக்குக் கூட்டம் கூடும் ஊர்; வேறு யாராவது வாங்கியிருந்தால் லாட்ஜ் எழும்பியிருக்கும்.

பத்து நிமிஷத்தில் பார்த்து முடித்துவிடலாம். திண்ணை, கூடம், சமையல்கட்டு, கொல்லையில் கிணறு. தெருவைப் பார்த்த அறையில் ஜன்னலை ஒட்டி ஒரு கட்டில். கால் நீட்டினால் அறை முடிந்துவிடும்போல இருக்கிறது. உட்கார்ந்து பார்க்க ஆசைதான், விடமாட்டார்கள்.

இதற்குள் எத்தனை பேர்! அப்பா சீனிவாச ஐயங்கார் புடவைக் கடையில் குமாஸ்தா, மாதம் இருபது ரூபாய். அம்மா கோமளத்தம்மாள் கோயிலில் பஜனை பாடிக் கொஞ்சம் கொண்டுவந்தார். பற்றாக்குறைக்குக் கல்லூரி மாணவர்களைத் தங்கவைத்துச் சாப்பாடு போட்டார்கள். அவர்களிடம் இரவல் வாங்கிய லோனியின் திரிகோணமிதிப் புத்தகத்தை ராமானுஜன் பதின்மூன்று வயதில் கரைத்துக் குடித்தார். அதே ஊர் அரசுக் கல்லூரியில் கணக்கைத் தவிர மற்ற பாடங்களைக் கோட்டைவிட்டு, கிடைத்த உதவித்தொகையையும் இழந்தது பிறகு.

காகிதம் கட்டுப்படியாகவில்லை. திண்ணையில் உட்கார்ந்து சிலேட்டில் போட்டுப் பார்ப்பார்; முழங்கையால் அழிப்பார்; விடை மட்டும் நோட்டுக்குப் போகும். வந்த வழி முழங்கையோடு போயிற்று. நிரூபணம் இல்லாமல் அந்த நோட்டுகளில் கிடந்த ஆயிரக்கணக்கான முடிவுகளை ஒவ்வொன்றாக மெய்ப்பிக்க, அமெரிக்கக் கணிதர் புரூஸ் பெர்ண்ட் 1970-களில் உட்கார்ந்தார். ஐந்து தொகுதிகள். கடைசித் தொகுதி வந்தது 1998-ல், இருங்காட்டுக்கோட்டையில் முதல் கார் வெளியே வந்த அதே வருஷம்.