வேலியில்லாத வயல்கள்

இங்கிலாந்திலே நாட்டிங்காம் மாவட்டத்தில் லாக்ஸ்டன் என்றொரு சிற்றூர் இருக்கிறது. அரசர் எவரும் அங்கே பிறந்ததில்லை. பெரும் போரெதுவும் அங்கே நிகழ்ந்ததில்லை. ஆயினும் ஆங்கில உழவரின் பழைய வாழ்வை ஏட்டிலன்றி நிலத்திலேயே காண விரும்புவோர் அவ்வூருக்குத்தான் செல்ல வேண்டும்.

1086-ஆம் ஆண்டில் வில்லியம் மன்னர் எடுப்பித்த டூம்ஸ்டே நிலக்கணக்கில் இவ்வூரின் பெயர் காணப்படுகிறது. நார்மானியர் எழுப்பிய கோட்டையின் மண்மேடு வடபுறத்தே இன்றும் நிற்கிறது. புனித மைக்கேலின் பெயரால் அமைந்த கோவிலைச் சார்ந்து ஊரும் சூழ்ந்த நிலங்களும் ஒரு பங்காக விளங்கின. இவை பல ஆங்கில ஊர்களுக்கும் பொதுவானவையே. லாக்ஸ்டனுக்கே உரிய சிறப்பு அதன் வயல்களில் உளது.

மேலை வயல், தென் வயல், காற்றாலை வயல் என மூன்று பெருவயல்கள். அவற்றினுள்ளே வேலி கிடையாது. ஒவ்வொன்றும் நீண்ட ஒடுங்கிய பட்டைகளாகப் பகுக்கப்பட்டிருந்தது. ஓர் உழவனின் பட்டைகள் ஓரிடத்தே திரண்டிராமல் மூன்று வயல்களிலும் சிதறிக் கிடக்கும். நன்னிலமும் புன்னிலமும் எல்லோருக்கும் கிடைக்க இதனினும் எளிய வழி ஏது? ஒரு வயலில் இலையுதிர் காலத்தில் கோதுமை விதைப்பர். மற்றொன்றில் வேனிலின் தொடக்கத்தில் பார்லி, பட்டாணி போன்றவற்றை விதைப்பர். மூன்றாவது தரிசாகக் கிடந்து ஊர்க் கால்நடைகளுக்கு மேய்ச்சலாகும். அடுத்த ஆண்டு முறை மாறும்.

இம்முறையில் தனியொருவன் தன் விருப்பம்போல் பயிரிட இயலாது. அண்டை வீட்டாரின் ஆடுகள் அறுவடை முடிந்த வயலில் இறங்கும் நாளில் இவன் பயிர் மட்டும் விளையாமல் நின்றால் என்னவாகும்? ஆகவே ஊருக்கு ஒரு மன்றம் தேவைப்பட்டது. கோர்ட் லீட் எனப்படும் அம்மன்றத்தின் நடுவர்கள் உழவர்களே. ஆண்டுதோறும் நவம்பர் இறுதியையொட்டி அவர்கள் கோதுமை வயலைச் சுற்றி வருவர். எவனேனும் பாதையையோ பொதுப் புல்நிலத்தையோ சிறிது உழுது சேர்த்துக்கொண்டிருந்தால், உண்மையான எல்லையில் முளை அடிப்பர். பின்னர் மன்றம் கூடித் தண்டம் விதிக்கும். தண்டத்தொகை சிறிதுதான், ஊரார் முன்னே பெயர் வாசிக்கப்படுவதுதான் உறைக்கும் என்பது என் கருத்து.

1635-ஆம் ஆண்டில் மார்க் பியர்ஸ் என்னும் நில அளவையாளர் இவ்வூரை அளந்து வரைந்த படம் ஆக்ஸ்போர்டு பாட்லியன் நூலகத்தில் உள்ளது. 2,000-க்கு மேற்பட்ட பட்டைகளை அதில் தனித்தனியே காணலாம். உழுவோரையும் மேயும் கால்நடைகளையும்கூட அவர் வரைந்திருக்கிறார்.

இத்தகைய ஊர்கள் ஒரு காலத்தில் நடு இங்கிலாந்து முழுவதும் இருந்தன. அவை எங்கே போயின? 1604 முதல் 1914 வரை பாராளுமன்றம் நிறைவேற்றிய 5,200-க்கு மேற்பட்ட சட்டங்களால் ஏறத்தாழ 68 இலட்சம் ஏக்கர் நிலம் வேலியிடப்பட்டது. விளைச்சல் பெருகியது உண்மை. அதனை மறைத்தல் நேர்மையன்று. ஆனால் ஒரு பசுவை மட்டுமே உடைய ஏழை தன் மேய்ச்சலுரிமையை இழந்து கூலியாளானதும் உண்மை. உழவர் வீடுகளும் தத்தம் நிலத்தின் நடுவே இடம்பெயர்ந்தன. லாக்ஸ்டனிலோ அவை இன்றும் தெருவோரமாகவே வரிசையாக நிற்கின்றன.

இவ்வூர் மட்டும் தப்பியது எவ்வாறு? பழமையின்மேல் வைத்த பற்றினால் என்று எண்ணிவிடாதீர்கள். நிலத்தின் பெரும்பகுதி மான்வர்ஸ் பிரபுவுக்கும், மற்றொரு பகுதி ஸ்கார்பரோ பிரபுவுக்கும் உரியதாயிருந்தது. இருவருக்கும் உடன்பாடு ஏற்படவில்லை, வேலியும் ஏறவில்லை. பின்னர் 1952-இல் அரசாங்க வேளாண்மை அமைச்சகம் இந்நிலத்தை வாங்கியது. 1981-இல் அது மன்னர் உடைமைத் துறைக்கும், 2020-இல் தோர்ஸ்பி பண்ணைக்கும் சென்றது. 1977-ஆம் ஆண்டுச் சட்டம் இத்தகைய பழைய மன்றங்களின் அதிகாரத்தை நீக்கியபோதும் லாக்ஸ்டன் மன்றத்திற்கு விலக்கு அளித்தது.

இன்று பட்டைகள் முன்னிலும் அகலமானவை. பொது வயலின் பரப்பும் குறைந்துவிட்டது. உழவர் டிராக்டரால் உழுகின்றனர். நடுவர்களும் டிராக்டர் இழுக்கும் வண்டியில் ஏறித்தான் வயலுக்குச் செல்கிறார்கள். முளையடிக்கும் சம்மட்டி அவர்களுடன் செல்கிறது.