கத்தரின் ரீட்: முகங்களை வரைந்த பெண்

சென்ற தவணையில் சித்திரப் பாடத்துக்காக என் உம்மாவின் முகத்தை வரைந்தேன். கண்ணும் மூக்கும் நன்றாக வந்தன. கழுத்தும் தோளும் மட்டும் எத்தனை முறை அழித்து வரைந்தும் சரிவரவில்லை. "உடலின் அமைப்பைப் படிக்காமல் முகத்தை மட்டும் பழகினால் இப்படித்தான்" என்ற டீச்சர், கத்தரின் ரீட் என்ற ஓவியரைப் பற்றிச் சொன்னார். அதன்பின் தேடி வாசித்ததை இங்கே தருகிறேன்.

கத்தரின் 1723இல் ஸ்கொட்லாந்தின் டண்டி நகரில் பிறந்தார். பரிஸ் நகரில் லா தூர் என்ற புகழ்பெற்ற ஓவியரிடம் பெஸ்டல் ஓவியம் பயின்றார். பெஸ்டல் என்பது நிறத்தூளுடன் சிறிது பிசின் சேர்த்து உருட்டிக் காயவைத்த குச்சி. பார்வைக்கு நம் வகுப்பறை வெண்கட்டி போலிருக்கும். எண்ணெய் வர்ணத்தைப் போல் காயும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. விரலால் மெல்லத் தேய்த்தே கன்னத்தின் மென்மையைக் கொண்டுவரலாம். ஆனால் தூள் எளிதில் உதிரும் என்பதால் கண்ணாடியிட்டுப் பாதுகாக்க வேண்டும்.

1751இல் அவர் ரோம் சென்றார். வரலாற்றுக் காட்சிகளை வரைவதே உயர்ந்த கலை என்று அக்காலத்தில் எண்ணினார்கள். அதற்கு மனித உடலைப் பார்த்து வரையும் பயிற்சி வேண்டும். அதைக் கற்பித்த கலைக்கூடங்களிலோ பெண்களுக்கு இடமில்லை. ஆகவே கத்தரின் உருவப்படங்களோடு நின்றுகொண்டார். குறை அவரது கையில் இருக்கவில்லை, கதவுதான் பூட்டியிருந்தது. லண்டனில் இயங்கிய ரோயல் அக்கடமியின் பாடசாலையில்கூட 1860இல்தான் முதலாவது மாணவி சேர்ந்தார்.

தமக்குக் கிடைத்த அந்த ஒரு வழியிலேயே கத்தரின் உயர்ந்தார். லண்டனுக்குத் திரும்பி, மூன்றாம் ஜோர்ஜ் மன்னரின் துணைவியான சார்லட் அரசியாரையே வரைந்தார். திருமணம் செய்யாத அவர், தம் தொழிலாலேயே வாழ்ந்தார். சகோதரியின் மகள் ஹெலனாவுக்கும் வரையக் கற்றுக்கொடுத்தார். சிறுமியாக இருந்தபோதே ஹெலனாவின் படங்கள் கண்காட்சியில் இடம்பெற்றன.

1777இல், தமது 54ஆவது வயதில், ஹெலனாவுடன் கப்பலேறிச் சென்னை வந்தார். அவ்வாண்டே ஹெலனா, சார்ல்ஸ் ஓக்லி என்ற கம்பனி அதிகாரியை மணந்தார். அவர் பின்னாளில் சென்னையின் ஆளுநரானார். கத்தரினோ 1778 டிசம்பரில், ஊர் திரும்பும் வழியில் கடலிலேயே காலமானார். ஒலுவில் கரையில் நாம் பார்க்கும் இதே வங்கக் கடல் வழியாகத்தான் அவர் சென்னைக்கு வந்திறங்கினார்.

"சித்திரம் படித்து என்ன செய்யப் போறாய் மகள்?" என்று வாப்பா கேட்டபோது எனக்குப் பதில் தெரியவில்லை. கத்தரினின் கதையைச் சொன்னேன். "சரி, உயிரியலையும் விட்டுடாதே" என்றார். அந்த உயிரியல் புத்தகத்தில்தான் கழுத்தின் தசைகளும் தோளின் எலும்புகளும் இணையும் விதத்தைப் பார்த்து, உம்மாவின் படத்தைத் திருத்திக்கொண்டிருக்கிறேன். ரோமில் கத்தரினுக்குக் கிடைக்காத பாடம், இறக்காமத்தில் என் மேசைமேல் விரிந்து கிடக்கிறது.